சமநிலையும் நடுநிலையும்

விழா மலர்களிற் கல்லூரியின் பழம்பெருமை பேசுவதே மரபு. அம்மரபைப் போற்றி எழுதவல்ல அன்பர்கள் பலர் உளர் என்னும் துணிவினால், நான் சற்று விலகி, வட அத்திலாந்திக் கடலின் மூடுபனியிடையே கிடக்கும் ஒரு தீவின் கதையை ஈண்டு எடுத்துக்கொள்கிறேன். நியூபவுண்லாந்து என்னும் சிறு நாட்டில் 1908ஆம் ஆண்டு நடைபெற்ற பொதுத் தேர்தலின் கதை அது. தொலைவிலுள்ள நாடு, நூறாண்டு கடந்த செய்தி, அதனால் நமக்கு ஆவதென்ன என்று வினவுவோர் இருக்கலாம். ஊர்ச் சங்கத்திலோ, கோயிற் பரிபாலன சபையிலோ, பழைய மாணவர் சங்கத்தின் ஆண்டுப் பொதுக் கூட்டத்திலோ கைகளை உயர்த்தச் சொல்லி எண்ணும்போது, இருபுறமும் ஒரே தொகையாய் வந்து நின்ற அனுபவம் நம்மிற் பலருக்கு உண்டு. அவ்வேளை மண்டபத்தில் ஓர் அமைதி பிறக்கும். எல்லார் கண்களும் தலைவரின் ஆசனத்தை நோக்கும். அந்த ஆசனத்தில் இருப்பவர் எத்தகையவர் என்பதே அச்சங்கம் நிலைக்குமா உடையுமா என்பதைத் தீர்க்கும். ஒரு முழு நாடே அவ்வாறு ஓர் ஆசனத்தை நோக்கியபோது, அந்த ஆசனம் வெறுமையாய் இருந்தது. அதுவே இக்கதை.

கனடாவின் கிழக்குக் கரைக்கு அப்பால், சென் லோறன்ஸ் நதியின் வாய்க்கு எதிரே கிடப்பது நியூபவுண்லாந்துத் தீவு. நம் இலங்கையைவிடப் பரப்பிற் பெரியது. ஆயின் அந்நாளில் அங்கு வாழ்ந்தோர் தொகை இரண்டரை இலட்சத்துக்கும் குறைவு. மண் வளமற்றது, கடலே வயல். கொட் என்னும் மீனைப் பிடித்து, பிளந்து, உப்பிட்டு, கரையோரப் பரண்களில் உலர்த்திக் கருவாடாக்கி ஏற்றுமதி செய்தலே மக்களின் பிழைப்பு. மீனவன் வசந்தத்தில் வணிகனிடம் வலையும் உப்பும் மாவும் கடனுக்குப் பெறுவான்; இலையுதிர் காலத்தில் தன் கருவாட்டை அவனிடமே ஒப்படைப்பான்; கடன் கணக்கும் மீன் விலையும் எழுதுவது வணிகன் கை. காசைக் கண்ணாற் காணாமலே ஆண்டுகள் கழித்த குடும்பங்கள் பல. சிறு சிறு துறைகளிற் சிதறிக் கிடந்த இம்மக்களுக்குத் தெருவும், பாடசாலையும், பஞ்சகால உதவியும் பெரும்பாலும் தம் சட்டசபை அங்கத்தவரின் கைவழியே வந்தன. அரசாங்கம் யார் கையில் இருக்கிறது என்பது அங்கே கொள்கைப் போராட்டம் மட்டுமன்று. வரும் மாரியில் வீட்டில் மா இருக்குமா என்னும் கேள்வியுமாகும்.

இத்தீவு 1832இற் பிரதிநிதித்துவ சபையையும், 1855இற் பொறுப்பாட்சியையும் பெற்றது. 1907ஆம் ஆண்டு இலண்டனிற் கூடிய மகாநாட்டின் பின், தன்னாட்சி பெற்ற குடியேற்ற நாடுகளை டொமினியன் என வழங்கும் வழக்கம் ஏற்பட்டபோது, கனடா, அவுஸ்திரேலியா போன்ற பெரிய நாடுகளோடு நியூசிலாந்தும் நியூபவுண்லாந்தும் ஒரே வரிசையில் வைக்கப்பட்டன. பட்டம் புதிது, பெருமை பெரிது. அடுத்த ஆண்டே அப்பட்டத்துக்குச் சோதனை வந்தது.

அப்பொழுது பிரதம மந்திரியாய் இருந்தவர் சேர் றொபேட் பொண்ட். லிபரல் கட்சித் தலைவர். 1894ஆம் ஆண்டின் இறுதியில் தீவின் வங்கிகள் முறிந்து விழுந்தபோது, நாட்டுக்குக் கடன் பெறுதற்குத் தம் சொந்த உடைமையையே பிணையாக வைத்தவர். 1900ஆம் ஆண்டுத் தேர்தலில் 36 ஆசனங்களில் 32ஐயும், 1904இல் 30ஐயும் வென்றவர். அமெரிக்க ஐக்கிய நாடுகளோடு நேரடி வர்த்தக உடன்படிக்கை செய்ய இருமுறை முயன்று, முதன்முறை கனடாவின் எதிர்ப்பாலும், மறுமுறை அமெரிக்க மூதவையின் எதிர்ப்பாலும் தோற்றவர். நேர்மையிற் குறை காண்பதற்கில்லை. ஆனால், எளிதில் நெருங்க முடியாத சுபாவம் உடையவர். மக்களுக்காக உழைத்தார், மக்களோடு கலந்து சிரித்தாரல்லர்.

அவருடைய மந்திரிசபையிலேயே நீதித்துறையைப் பார்த்திருந்தவர் சேர் எட்வேட் மொறிஸ். தலைநகராகிய சென் ஜோன்சின் மேற்குப் பகுதியைப் பல்லாண்டு பிரதிநிதித்துவம் செய்த கத்தோலிக்க வழக்கறிஞர். பொண்டிடம் இல்லாத யாவும் அவரிடம் இருந்தன: இனிய சொல், கைகுலுக்கும் பழக்கம், ஒவ்வொருவர் பெயரையும் நினைவில் வைக்கும் திறம். 1907 யூலையில், அரசாங்க வேலைத் தொழிலாளரின் கூலி பற்றிய தகராறொன்றைக் காரணங்காட்டி அவர் மந்திரிப் பதவியைத் துறந்தார். மறு ஆண்டு மக்கள் கட்சி என்னும் பெயரிற் புதுக் கட்சி கண்டார். கிளைப் புகையிரதப் பாதைகள், முதியோர்க்கு உதவிப்பணம் என வாக்குறுதிகள் பெருகின. தீவின் புகையிரதப் பாதையைக் கட்டி நடத்திவந்த றீட் குடும்பத்தாருக்கும் பொண்டுக்கும் நெடுநாட் பகை. 1898ஆம் ஆண்டு அவர்களுக்கு அளவிறந்த நலன்களை வழங்கிய ஒப்பந்தத்தை 1901இல் மாற்றியமைத்தவர் பொண்ட். ஆகவே அவர்களுடைய ஆதரவு மொறிஸ் பக்கம் நின்றது. அந்த ஆண்டு கருவாட்டு விலையும் சரிந்தது. விலை சரிந்த ஆண்டில் ஆளுங் கட்சிக்கு நண்பர் குறைதல் உலக இயற்கை.

1908ஆம் ஆண்டு நவம்பர் 2ஆந் திகதி வாக்கெடுப்பு நடந்தது. வாக்களித்தோர் ஆடவர் மட்டுமே. பெண்களுக்கு அவ்வுரிமை 1925இலேதான் கிடைத்தது. தொகுதிகள் 18, ஒவ்வொன்றும் அதனதன் அளவுக்கேற்ப ஒருவர், இருவர் அல்லது மூவரை அனுப்பும். கடலோரத் துறைகளிலிருந்து முடிவுகள் ஒவ்வொன்றாய் வந்து சேர்ந்தன. எல்லாம் வந்து முடிந்தபோது பொண்டின் கட்சிக்கு 18. மொறிசின் கட்சிக்கு 18. சுயேச்சை அங்கத்தவர் எவருமிலர். முப்பத்தாறை நேர் பாதியாக வகுத்து வைத்தாற்போல் மக்கள் தீர்ப்பு நின்றது.

இச்சமநிலை எத்துணைக் கடியது என்பதை உணரச் சபையின் கணக்கைச் சற்று நோக்க வேண்டும். சட்டசபை கூடியதும் செய்யவேண்டிய முதற் கருமம் சபாநாயகரைத் தெரிவு செய்தல். அவரின்றி வேறெதுவும் நடைபெறாது. சிம்மாசனப் பிரசங்கம் இல்லை, வரவு செலவு இல்லை, சட்டம் இல்லை. சபாநாயகராய் அமர்பவர் விவாதத்திற் கலவார். வாக்குகள் சரிநிகராய் நின்றாலன்றித் தாம் வாக்களியார். ஆகவே எக்கட்சி தன் ஆளைச் சபாநாயகராக்குகிறதோ, அக்கட்சி அன்றே 17 ஆகிவிடும். எதிர்க்கட்சி 18 ஆய் நிற்கும். ஒரு பக்கத்தில் ஒருவர் நோயுற்றாலோ கட்சி மாறினாலோ மட்டும் கணக்கு மாறும். எனவே, உயர்ந்த அந்த ஆசனம் இரு கட்சிக்கும் பொறியாய்த் தோன்றியது. மற்றவன் அதில் அமரட்டும் என்று இருபுறமும் காத்திருந்தன. கௌரவம் மிக்க பதவியொன்றை எவரும் ஏற்க விரும்பாத விந்தையை அந்நாடு கண்டது.

பொண்ட் தோற்கவில்லை, வெல்லவுமில்லை. பதவியில் நீடித்து, 1909 பெப்ரவரியில், சபையைக் கூட்டாமலே அதனைக் கலைத்து மறு தேர்தல் நடத்துமாறு தேசாதிபதியிடம் ஆலோசனை கூறினார். தேசாதிபதி மறுத்தார். பொண்ட் பதவி துறந்தார்.

அத்தேசாதிபதியைப் பற்றி இங்கு ஒரு வார்த்தை கூறுதல் தகும். சேர் வில்லியம் மக்கிறெகர், ஸ்கொத்லாந்தின் ஏழைக் குடும்பமொன்றிற் பிறந்து வைத்தியரானவர். பிஜித் தீவில் உத்தியோகம் பார்த்த காலத்தில், 1884ஆம் ஆண்டு, கல்கத்தாவிலிருந்து இந்தியக் கூலிகளை ஏற்றிவந்த சிரியா என்னும் கப்பல் நாசிலாய்ப் பாறைத் திட்டில் மோதி உடைந்தது. அவ்வேளை அலைகளுக்கிடையே தாமே இறங்கிப் பலரைக் காப்பாற்றி, வீரத்துக்கான பதக்கம் பெற்றவர் இவர். பின் நியூகினியிலும் லாகோசிலும் ஆட்சி புரிந்து 1904இல் நியூபவுண்லாந்துக்கு வந்தார். இத்தகையவரைக் கோழையென்றோ சூழ்ச்சிக்காரரென்றோ எளிதில் ஒதுக்கிவிட இயலாது. ஆதலினாலேயே அவர் செய்தது சிந்தனைக்குரியதாகிறது.

பொண்ட் விலகியபின் மொறிஸ் அழைக்கப்பட்டு, மார்ச்சுத் தொடக்கத்திற் பிரதம மந்திரியானார். மாத இறுதியிற் சபை கூடியது. சபாநாயகரைத் தெரிய முயன்றனர். எண்ணிக்கை மாறவில்லை, வாக்குகள் சமமாயின, ஆசனம் வெறுமையாகவே கிடந்தது. சபாநாயகர் இல்லாச் சபை சபையன்று. அப்போது மொறிஸ் கலைப்புக் கேட்டார். சில வாரங்களுக்கு முன் பொண்டுக்கு மறுக்கப்பட்டது இப்போது மொறிசுக்கு வழங்கப்பட்டது.

மே 8ஆந் திகதி மறு தேர்தல். இம்முறை மொறிஸ் பிரதம மந்திரியாய் மக்கள்முன் நின்றார். அரசாங்க வேலைகளும், நியமனங்களும், கிராமங்களுக்குச் செல்லும் பணமும் அவர் கையில் இருந்தன. பொண்ட் எதிர்க்கட்சித் தலைவராய் ஊரூராய்ப் படகிற் சென்றார். வெஸ்ரேன் பே என்னும் துறையில் அவர் கரையிறங்காதவாறு கூட்டமொன்று தடுத்தது. அந்தத் தள்ளுமுள்ளில், ஒன்பதாண்டு நாட்டை ஆண்ட அம்மனிதர் கடலில் விழுந்தார். முடிவு: மக்கள் கட்சிக்கு 26, லிபரல் கட்சிக்கு 10. ஆறு மாதங்களுக்கு முன் முள் அசையாது நின்ற தராசு ஒருபுறமாய்ச் சாய்ந்து விழுந்தது.

இனி நியாயத்தை ஆராய்வோம். தேசாதிபதியின் பக்கம் சொல்லத்தக்கது உண்டு. மக்கள் வாக்களித்து மூன்று திங்களே ஆகியிருந்தன. அவர்கள் தெரிந்தெடுத்த சபை ஒருநாளேனும் கூடவில்லை. கூடாத சபையைக் கலைத்தல் மக்கள் தீர்ப்பைப் பிரித்துப் பாராமலே கிழித்தெறிவதாகும். ‘முதலிற் சபை கூடட்டும், அங்கே ஒரு வழி பிறக்கலாம்’ என்று நினைத்தது தவறன்று. கலைப்பு என்பது பிரதம மந்திரியின் சொத்தன்று. வேறு வழிகள் யாவும் அடைபட்ட பின்னரே திறக்கவேண்டிய கதவு அது.

ஆயினும், இவ்வாதம் அவர் செய்ததிற் பாதிக்கே பொருந்தும். சபை கூடவேண்டும் என்பதே கருத்தாயின், அச்சபையின்முன் பொண்டே பிரதம மந்திரியாய்ச் சென்று தோற்றிருக்கலாம். பொண்ட் அதற்கு இணங்காது விலகியது அவருடைய பிழையே. அதனை நான் மறைக்கவில்லை. சபையைச் சந்திக்க அஞ்சிய பிரதம மந்திரி தன் வழக்கைத் தானே பலவீனப்படுத்துகிறார். ஆனால் பின்பு மொறிசுக்குக் கலைப்பு வழங்கியபோது, அவர் எந்நிலையில் நின்று தேர்தலைச் சந்திப்பார் என்பது தேசாதிபதிக்குத் தெரியாததன்று. பஞ்சமும் கடனும் சூழ்ந்த மீனவர் ஊர்களில் ‘அரசாங்கத்தின் ஆள்’ என்பதற்குள்ள வலு பெரிது. பதினெட்டுக்கும் பதினெட்டுக்கும் நடுவே எந்த வாக்காளனும் அளியாத ஒரு வாக்கு விழுந்தது. அது அரச மாளிகையிலிருந்து விழுந்தது. அவர் ஒருதலைப்பட்சமாய் நடந்தார் என்று நான் கூறவில்லை. நடுநிலையான மனம் உடையவர் செய்த செயலும் நடுநிலையாய் அமையாது போகலாம் என்பதே கூற விழைவது.

இந்தச் சிக்கல் நியூபவுண்லாந்தோடு முடியவில்லை. 1926இற் கனடாவின் மகாதேசாதிபதி பிங் பிரபு, பிரதம மந்திரி மக்கன்சி கிங் கேட்ட கலைப்பை மறுத்தார். அவருக்குப் பின் வந்த மீகன் சில நாட்களில் சபையிற் தோற்று அதே கலைப்பைக் கேட்டபோது வழங்கினார். அங்கே மக்கள் மக்கன்சி கிங்கையே மீண்டும் தெரிந்தெடுத்தனர். ஒரே செயல், ஓரிடத்தில் மறுக்கப்பட்டவர் வீழ்ந்தார், மற்றோரிடத்தில் மறுக்கப்பட்டவர் வென்றார். ஆகவே தேசாதிபதியின் தீர்மானத்தை அதன் பயனைக்கொண்டு அளத்தல் பொருந்தாது. கேட்கவேண்டிய கேள்வி வேறு: அத்தீர்மானத்தை அவர் கையில் விடுமளவுக்கு நிலைமையை முற்றவிட்டவர் யார்?

இதற்கு விடை காண, நியூபவுண்லாந்தோடு ஒரே ஆண்டில் ஒரே பட்டம் பெற்ற மற்றச் சிறு டொமினியனாகிய நியூசிலாந்தை நோக்குவோம். அங்கே 1911 டிசம்பரில் நடந்த பொதுத் தேர்தலும் தெளிவான தீர்ப்பைத் தரவில்லை. 1912 பெப்ரவரியிற் சபை கூடி, சேர் யோசப் வார்டின் அரசாங்கத்தின்மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் வந்தபோது, 39க்கு 39 என வாக்குகள் நின்றன. ஆனால் அங்கே நாற்காலி வெறுமையாய் இல்லை. சபாநாயகர் அமர்ந்திருந்தார், அவருடைய வாக்கினால் அரசாங்கம் அன்றைக்குப் பிழைத்தது. வார்ட் அவ்வெற்றியைப் பற்றிக்கொண்டு நெடுங்காலம் இருக்க எண்ணவில்லை; மார்ச்சில் விலகினார். மக்கன்சி என்பவர் அவருக்குப் பின் பிரதம மந்திரியானார். யூலையில் அதே சபை மீண்டும் வாக்களித்து அவரை இறக்கியது. மசி ஆட்சியை ஏற்றார். இருபதாண்டுக்கு மேலாக ஆண்ட கட்சியொன்று, மறு தேர்தலின்றி, தேசாதிபதியின் தலையீடின்றி, சபையின் வாக்கினாலேயே வழிவிட்டு நின்றது. இரண்டும் சிறு நாடுகள். இரண்டும் ஒரே மரபில் வந்தவை. இரண்டிலும் வாக்குகள் சரிநிகர். ஒன்றில் ஆசனத்தில் ஒருவர் இருந்தார்; மற்றதில் இல்லை. வேறுபாடு அவ்வளவே. ஆனால் அந்த அளவே எல்லாம்.

நியூபவுண்லாந்தின் 36 பேரும் என்ன செய்திருக்கலாம்? ஒரு கட்சி தன் ஆளொருவரைச் சபாநாயகராய் ஈந்திருக்கலாம்; அதற்கீடாக மற்றக் கட்சி தன் ஆளொருவரை வாக்களியாது ஒதுங்கச் செய்திருக்கலாம். பதினேழும் பதினேழுமாய் நின்று, அந்த ஆண்டின் வரவு செலவையேனும் நிறைவேற்றி, பிறகு இரு கட்சியும் ஒருமித்துக் கலைப்பைக் கேட்டிருக்கலாம். அல்லது, கூட்டு மந்திரிசபையொன்று அமைத்திருக்கலாம். அது நடவாத காரியமன்று என்பதற்கு அந்நாடே சான்று: மகாயுத்தத்தின் நடுவே, 1917ஆம் ஆண்டில், அதே மொறிஸ் எதிர்க்கட்சியாரையும் சேர்த்துத் தேசிய அரசாங்கம் அமைத்தார். எட்டாண்டுக்குமுன் இயலாதது அப்போது இயன்றது. யுத்தம் வந்துதான் நம்மை ஒரு மேசையில் அமர்த்தவேண்டும் என்பது சுயாட்சிக்குப் பெருமையன்று.

நம் நாட்டுக்கும் இப்பாடம் புதிதன்று. 1960 மார்ச்சுத் தேர்தலில் ஐக்கிய தேசியக் கட்சிக்கு 50, ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சிக்கு 46, தமிழரசுக் கட்சிக்கு 15 ஆசனங்கள் கிடைத்தன, எவர்க்கும் பெரும்பான்மையில்லை. டட்லி சேனநாயக்கா அமைத்த அரசாங்கம் முதலிற் சபாநாயகர் தெரிவிலேயே தோற்றது. எதிர்க்கட்சியார் ஆதரித்த ரி. பி. சுபசிங்க ஆசனம் ஏறினார். அடுத்து, ஏப்பிரலிற் சிம்மாசனப் பிரசங்கமும் தோற்றது. மகாதேசாதிபதி சேர் ஒலிவர் குணதிலக்க மாற்று அரசாங்கமொன்றை நாடாது, தோற்ற பிரதம மந்திரியின் ஆலோசனைப்படி பாராளுமன்றத்தைக் கலைத்தார். மக்கிறெகர் மறுத்ததை இவர் வழங்கினார். மனக்குறை மட்டும் இரண்டிடத்தும் ஒன்றே. தமிழ் மக்களின் பிரதிநிதிகள் பதினைவரும் அந்த ஒரு திங்கள் தராசின் முள்ளாய் நின்றனர். இரு பெருங் கட்சிகளும் அவர்களோடு பேசின. யூலைத் தேர்தலில் ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சி 75 ஆசனங்களை வென்றபின், அந்த முள்ளுக்கு வேலையில்லாது போயிற்று. 1961இல் நிகழ்ந்தவற்றை இம்மலரின் வாசகர்க்கு நான் எடுத்துரைக்க வேண்டியதில்லை. முள் நடுவில் நிற்கும் காலம் குறுகியது. அதற்குள் இருபுறமும் பொதுவான ஓர் உடன்பாட்டை எழுதிக்கொள்ளாதவர் பின்பு நெடுங்காலம் வருந்துவர்.

மீண்டும் நியூபவுண்லாந்துக்கு வருவோம். தலைநகரில் அரசியலார் எண்களைக் கூட்டிக் கழித்துக்கொண்டிருந்த அதே 1908 நவம்பரில், ஹெறிங் நெக் என்னும் சிறு துறையில், வில்லியம் கோக்கர் என்னும் மனிதர் சில மீனவரைக் கூட்டி மீனவர் பாதுகாப்புச் சங்கத்தைத் தொடக்கினார். இரு கட்சியும் சமமாய் நின்றபோது இரண்டுமே தன்னைப் பற்றிப் பேசவில்லை என்பதை மீனவன் உணர்ந்தான் போலும். ஐந்தாண்டில், 1913ஆம் ஆண்டுத் தேர்தலில், அச்சங்கத்தின் ஆட்கள் எண்மர் சட்டசபைக்குச் சென்றனர். அந்த ஆண்டின் விளைவுகளுள் எஞ்சிய நன்மை இதுவென்பேன். மேலே ஆசனம் வெறுமையாய் இருந்த வேளையிற் கீழே வேறோர் ஆசனம் கட்டப்பட்டது.

வென்றவர் தம் வாக்குறுதியை நிறைவேற்ற முயன்றார் என்பதையும் சொல்லவேண்டும். 1911இல் முதியோர் உதவிப்பணம் வந்தது. கிளைப் புகையிரதப் பாதைகளும் தொடங்கின. அவற்றோடு கடனும் வளர்ந்தது. பின்னர் யுத்தம். 1916 யூலை 1ஆந் திகதி பிரான்சின் போமொன் ஆமெல் என்னுமிடத்தில் அத்தீவின் படையினர் ஏறத்தாழ 800 பேர் முன்னேறினர். மறுநாள் அணியில் நின்று பெயருக்கு விடை கூறியோர் 68 பேரே. யுத்தச் செலவும், புகையிரதப் பாதைச் செலவும், 1929க்குப் பின் உலகெங்கும் வந்த மந்தமும் சேர்ந்து, பொதுக்கடனைச் சுமார் 100 மில்லியன் டொலராக்கின. 1932 ஏப்பிரலிற் சட்டசபைக் கட்டடத்தை மக்கள் கூட்டம் தாக்கியது. மறு ஆண்டு அமுல்றீ பிரபுவின் ஆணைக்குழு வந்து விசாரித்தது. 1934 பெப்ரவரியிற் சட்டசபை ஒதுக்கப்பட்டு, தேசாதிபதியும் நியமனம் பெற்ற ஆணையாளர் அறுவரும் ஆளத் தொடங்கினர். தேர்தல் கண்ட டொமினியன் ஒன்று தன் வாக்குரிமையைத் தானே மடித்து வைத்தது. 1948இல் இரு முறை மக்கள் தீர்ப்புக் கேட்கப்பட்டது. இறுதியில் நூற்றுக்கு 52க்குச் சற்று மேற்பட்டோர் விருப்பத்தின்படி, 1949 மார்ச்சு 31ஆந் திகதி அந்நாடு கனடாவின் ஒரு மாகாணமாயிற்று.

1908இல் ஏற்பட்ட முட்டுக்கட்டையே 1934இன் வீழ்ச்சிக்குக் காரணம் என்று நான் சொல்லவரவில்லை. அவ்வாறு சொல்லுதல் வரலாற்றுக்கு அநீதி. யுத்தமும், கடனும், மீன் விலையுமே அதனை வீழ்த்தியவை. எனினும் ஒன்று உண்மை. கடன் மிகுந்த நாடுகள் பல தம் சட்டசபையை இழந்துவிடவில்லை. தம் சட்டசபையை இழக்கலாம் என்று மக்களே எண்ணத் தலைப்பட்டமைக்கு, கட்சிச் சண்டையைத் தவிர வேறொன்றும் அங்கே நடைபெறுவதில்லை என்னும் சலிப்பும் ஒரு காரணம். பொதுவான ஆசனத்துக்குப் பொதுவான ஒருவரைக் கண்டெடுக்க இயலாத சபையை, அதன் மக்களே நாளடைவில் மதியாது விடுவர். சுயாட்சி அந்நியராற் பறிக்கப்படுதல் ஒன்று. பயனற்றதென்று வீட்டாராலேயே கைவிடப்படுதல் மற்றொன்று. பின்னது கொடிது.

சமநிலை வேறு, நடுநிலை வேறு. சமநிலை என்பது எண்ணிக்கை. அது தானே வரும், தானே போகும். நடுநிலை என்பது குணம், அதை வளர்க்கவேண்டும். வள்ளுவர் அதற்கெனத் தனி அதிகாரமொன்று வகுத்ததன் காரணமும் இதுவே. நடுநிலை உடையவர் ஒருவர் இருக்குமிடத்தில் சமநிலை ஆபத்தன்று. அது ஆறியமர்ந்து பேசுதற்கு மக்கள் தந்த அவகாசம். அத்தகையவர் இல்லாவிடத்தில் ஒரு வாக்குப் பெரும்பான்மையும் கொடுங்கோலாகும்.

நம் கல்லூரி பல துறைகளுக்கும் மாந்தரை அனுப்பியுள்ளது. வழக்கறிஞரும், வைத்தியரும், ஆசிரியரும், அரசியலாளரும் அவருட் பலர். கட்சி கட்டவல்லவர் நம்மிடையே என்றும் குறைந்ததில்லை. கட்சியில் நின்று போராடுதலை நான் இழித்துரைக்கவில்லை. அதுவும் ஒரு கடமையே. ஆனால், ‘இவர் அமர்ந்தால் எமக்கும் சம்மதம்’ என்று எதிர்ப்பக்கத்தார் கூறத்தக்க சிலரையும் ஒரு கல்லூரி உருவாக்க வேண்டும். தன் பக்கத்து வாக்கொன்றை இழந்தும் அந்த ஆசனத்தில் அமரத் துணிபவரும், அவரை அமரவிட்டுப் பொறுத்திருக்கும் பக்கத்தவரும் வேண்டும். அத்தகையோர் இருவர் மூவர் 1909 மார்ச்சில் சென் ஜோன்ஸ் நகரில் இருந்திருப்பின், அரச மாளிகையின் வாயிலை எவரும் தட்டியிரார்.

அடுத்த முறை நம் சங்கமொன்றில் வாக்குகள் சரிநிகராய் நின்று, மண்டபத்தில் அமைதி பிறக்கும்போது, எல்லாரும் நோக்கும் அந்த ஆசனத்தில் யார் இருக்கிறார் என்று நாமும் நோக்குவோம். அங்கே இருக்கத்தக்கவரை வாக்கெடுப்புக்கு முன்னரே தேடி வைப்பதுதான் அறிவுடைமை.